உயிலை எதிர்த்து நிற்பது எப்படி? வாசகர் கேள்வி பதில்

போன இதழில் உயில் எழுதுவதைப் பற்றிச் சின்னதாக ஒரு பதில் போட்டிருந்தேன். எழுதியது என்னவோ இனிமேல் உயில் எழுதப் போகிறவர்களுக்கு, ஆனால் கடிதம் அனுப்பியவர்களில் பாதிப் பேர் அடுத்தவர் எழுதிய உயிலால் அடிபட்டு நிற்பவர்கள். அதனால் இந்தப் பக்கம் முழுக்க அவர்களுக்கு. நான் வழக்கறிஞன் இல்லை. வழக்கறிஞர் அலுவலகத்தில் எழுத்தராகவும், தேவைப்பட்டபோது தமிழ் மொழிபெயர்ப்பாளராகவும் ரொம்ப வருடம் உட்கார்ந்திருந்தவன். சிங்கப்பூரில் நீதிமன்ற நடைமுறை எப்படி நகரும் என்று சொல்வேன், உங்கள் வழக்கு ஜெயிக்குமா என்று கேட்காதீர்கள்.

கேள்வி: ஐயா, எங்கள் அப்பா தீபாவளிக்கு இரண்டு வாரம் முன்பு காலமானார், வயது 84. 2016இல் அவர் எழுதிய உயிலில் நாங்கள் மூன்று பிள்ளைகளுக்கும் சம பங்கு. அதன் நகல் என்னிடம் இருக்கிறது. கருமாதி முடிந்த மறுநாள் தம்பி இன்னொரு உயிலைக் காட்டுகிறான். 2023இல் எழுதியதாம், வீடு, வங்கிப் பணம் எல்லாம் அவனுக்கே. அப்பாவுக்கு 2021இலேயே மறதிநோய் என்று மருத்துவமனையில் சொல்லிவிட்டார்கள். தம்பி அடுத்த வாரமே கோர்ட்டில் மனு போடப் போகிறானாம். கேவியட் போட்டால் செலவெல்லாம் என் தலையில்தான் விழும் என்றும் மிரட்டுகிறான். நான் என்ன செய்வது?
(வாசகி, உட்லண்ட்ஸ்)

பதில்: அம்மா, முதலில் கேவியட். தம்பியோடு பேச்சுவார்த்தை, மாமாவை வைத்துப் பஞ்சாயத்து எல்லாம் அப்புறம்.

கேவியட் என்றால் வழக்கு என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை. ‘இன்னார் விட்டுப்போன சொத்து விஷயத்தில் எனக்குச் சொல்லாமல் யாருக்கும் புரொபேட் கொடுத்துவிடாதீர்கள்’ என்று குடும்ப நீதிமன்றத்தின் பதிவகத்தில் போட்டுவைக்கிற ஒரு அறிவிப்பு, அவ்வளவுதான். புரொபேட் என்பது நீதிமன்றம் உயிலை ஏற்று, அதில் பெயர் உள்ள நிறைவேற்றாளருக்குக் கொடுக்கும் அதிகாரம். அது கையில் இல்லாமல் வங்கி பணத்தை விடாது, அப்பா பெயரில் மட்டும் இருக்கும் வீட்டையும் மாற்ற முடியாது. கேவியட் போடும்போது உயில் பொய் என்றோ தம்பி மோசம் என்றோ நீங்கள் எழுத வேண்டியதில்லை. ஆனால் அந்தச் சொத்தில் உங்களுக்கு ஒரு அக்கறை, அதாவது உரிமை இருக்க வேண்டும். உங்களுக்கு இருக்கிறது, 2023 உயில் விழுந்தால் 2016 உயில் எழுந்து நிற்கும், அதில் உங்கள் பெயர் இருக்கிறது. அப்பாவைப் பத்து வருடம் பார்த்துக்கொண்ட பக்கத்து வீட்டு ஆண்ட்டிக்கு எந்த உயிலிலும் பெயர் இல்லையென்றால், பாவம், அவர் கேவியட் போட முடியாது.

கேவியட்டுக்கு ஆயுள் ஆறு மாதம். தீரும் முன்பே நீட்டிக்கக் கேட்க வேண்டும், தீர்ந்த பிறகு கேட்டால் இல்லை. எங்கள் அலுவலகத்துக்கு ஒருவர் வந்தார், கேவியட் நகலை லேமினேட் பண்ணி வைத்திருந்தார், அவ்வளவு பத்திரம். அது காலாவதியாகிப் பதினொரு நாள் ஆகியிருந்தது. அதற்குள் அண்ணனுக்குப் புரொபேட் வந்துவிட்டது. புரொபேட் கொடுத்த பிறகும் அதை ரத்து செய்யச் சட்டத்தில் வழி இருக்கிறது, ஆனால் அது தனி வழக்கு, அது நடந்து முடிவதற்குள் வீட்டை விற்றுப் பணத்தையும் கரைத்துவிட்டால் யாரைப் போய்ப் பிடிப்பது? அதனால் கேவியட் போட்ட அன்றைக்கே கைபேசியில் ஐந்தாவது மாதத்தில் ஒரு நினைவூட்டல் போட்டுவிடுங்கள்.

அடுத்து நடக்கப் போவது, தம்பியின் லாயர் உங்களுக்கு ஓர் எச்சரிக்கை அறிவிப்பு அனுப்புவார். ‘உன் உரிமை என்ன, எதை வைத்து எதிர்க்கிறாய், வந்து சொல்’ என்பது அதன் சாரம். இதற்குப் பதில் தாக்கல் செய்ய வாரக்கணக்கில் எல்லாம் நேரம் கிடைக்காது, நாள் கணக்குத்தான், எத்தனை நாள் என்பது அறிவிப்பிலேயே இருக்கும். கேவியட்டுக்காரர்கள் அதிகமாக வழுக்கி விழுவது இந்தப் படியில்தான். தம்பி அனுப்பிய தாள்தானே என்று கோபத்தில் அலமாரியில் போட்டுவிடுவார்கள், கேவியட் செத்துப்போகும். பதில் தாக்கல் செய்துவிட்டால் விஷயம் முடியும்வரை புரொபேட் நகராது. அதன் பிறகுதான் உண்மையான வழக்கு. சொத்தின் மொத்த மதிப்பு 50 லட்சம் வெள்ளிக்கு மேல் என்றால் உயர் நீதிமன்றத்தின் குடும்பப் பிரிவு, அதற்குள் என்றால் குடும்ப நீதிமன்றம். 2024 அக்டோபர் 15லிருந்து புரொபேட் விவகாரங்களுக்கென்றே தனி விதித்தொகுப்பு நடப்பில் இருக்கிறது. அதனால் 2019இல் வழக்கு நடத்திய சித்தப்பா சொல்லும் படிவ எண்ணையும் கெடுவையும் அப்படியே நம்பிவிட வேண்டாம்.

வழக்கில் என்ன கேட்பார்கள்? மூன்று பிள்ளையில் ஒருவனுக்கு மட்டும் கொடுத்தது நியாயமா என்று நீதிபதி கேட்க மாட்டார். இதைச் சொன்னால் நிறையப் பேருக்கு முகம் வாடிவிடுகிறது. சிங்கப்பூரில் முஸ்லிம் அல்லாதவர் தன் சொத்தை யாருக்கு வேண்டுமானாலும் எழுதலாம், பிள்ளைக்குக் கொடுத்தே ஆக வேண்டும் என்று சட்டம் இல்லை. நீதிபதி பார்ப்பது ஒன்றுதான்: இந்தத் தாளில் இருப்பது உங்கள் அப்பாவின் விருப்பமா?

அதை நிரூபிக்க வேண்டியது உயிலைக் கொண்டுவருகிற தம்பி. ஒழுங்காகக் கையெழுத்தானது, அப்போது அப்பாவுக்குப் புத்தி தெளிவாக இருந்தது, என்ன எழுதியிருக்கிறது என்று தெரிந்துதான் கையெழுத்துப் போட்டார், இவை மூன்றும் அவன் பொறுப்பு. ஆனால் ஒரு சூட்சுமம். உயில் பார்க்க ஒழுங்காக இருந்து, கையெழுத்தும் முறைப்படி ஆகியிருந்தால், புத்தி தெளிவாகத்தான் இருந்திருக்கும் என்று நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும். அதைக் கலைக்கும் அளவுக்குச் சரக்கு உங்களிடம் இருக்க வேண்டும். மிரட்டி, நெருக்கி எழுதி வாங்கினான் என்று சொன்னால் அதை நிரூபிக்கும் சுமை முழுக்க உங்களுடையது, இது லேசில் நிற்காது. தம்பி அழுதான், கெஞ்சினான், தினமும் காதில் ஓதினான் என்பதெல்லாம் போதாது. அப்பா தன் மனசுக்கு விரோதமாக எழுதும்படி அடங்கிப்போனார் என்று காட்ட வேண்டும். ஆதாரம் இல்லாமல் இந்தக் குற்றச்சாட்டை வைக்காதீர்கள், செலவு உங்கள் பக்கம் திரும்புவது பெரும்பாலும் இப்படித்தான்.

மறதிநோய்க்கு வருவோம். டாக்டர் எழுதிய ‘டிமென்ஷியா’ என்ற ஒரு சொல் உயிலைக் கவிழ்த்துவிடாது. இதற்கான அளவுகோல் 1870இல் இங்கிலாந்தில் வந்த ஒரு தீர்ப்பு. செத்துப்போன ஒருவர் தன்னைத் துரத்துகிறார் என்று நம்பிக்கொண்டிருந்த மனிதர் எழுதிய உயில் அது, செல்லும் என்று தீர்ப்பானது, ஏனென்றால் அந்தப் பிரமைக்கும் சொத்தை யாருக்கு எழுதினார் என்பதற்கும் சம்பந்தமே இல்லை. இங்கேயும் அதே அளவுகோல்தான். நாம் செய்வது உயில் என்று புரிகிறதா, தன்னிடம் என்னென்ன சொத்து இருக்கிறது என்று தோராயமாகவாவது தெரிகிறதா, தன்னிடம் எதிர்பார்க்க யார் யாருக்கு உரிமை இருக்கிறது என்று நினைவு இருக்கிறதா, அந்த முடிவைக் கெடுக்கும் பிரமை ஏதும் இல்லையா. கையெழுத்துப் போட்ட நாளில் எப்படி இருந்தார் என்பதுதான் கணக்கு. 2021இல் நோய் என்றால் 2023இல் எந்த அளவு, அந்த மாதத்தில், முடிந்தால் அந்த வாரத்தில்.

ஒரு பெரியவர், மளிகைக் கடை வைத்திருந்தவர், நினைவாற்றல் சோதனையில் நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழிக்கச் சொன்னார்கள். 93, 86, 79 என்று மடமடவெனச் சொல்லிக்கொண்டே போனார், தாதிக்கே சிரிப்பு. வெளியே வந்ததும், நாலு வருடம் முன்பு இறந்துபோன மனைவி சாப்பிட்டாளா என்று மகனிடம் கேட்டார். சோதனைத் தாளில் முதலாவது இருக்கும், இரண்டாவதை அதைப் பார்த்தவர்தான் வந்து சொல்ல வேண்டும். 2010இல் நம் மேல்முறையீட்டு நீதிமன்றம் இந்த மாதிரி வழக்கொன்றில், மருத்துவர் சாட்சியத்தோடு பழகியவர்கள் நேரில் பார்த்ததையும் சேர்த்தே எடைபோட்டது. ஆகவே இப்போதே உட்கார்ந்து எழுதுங்கள். 2023இல் அப்பா யாரை யார் என்று குழப்பினார், எந்தத் தேதி, கூட யார் இருந்தார்கள். பணிப்பெண் இருந்தால் அவர் ஊர் திரும்பும் முன்பே அவர் எண்ணை வாங்கிவையுங்கள். குடும்ப வாட்ஸ்அப் குழுவை அழித்துவிடாதீர்கள், அதில் ‘அப்பா இன்றைக்கும் வழி தெரியாமல் புளோக் கீழே நின்றிருந்தார்’ என்று தம்பியே போட்ட செய்தி இருக்கலாம்.

இரண்டு தாள்களைத் துரத்துங்கள். ஒன்று மருத்துவமனைக் குறிப்புகள். இவற்றை உங்களுக்குச் சும்மா கொடுக்க மாட்டார்கள், வழக்கில் நீதிமன்ற உத்தரவு மூலம் வரவழைக்கலாம். இன்னொன்று, 2023 உயிலை எழுதிய வழக்கறிஞரின் கோப்பு. யார் போன் பண்ணிச் சந்திப்பு வாங்கினார்கள், அப்பா தனியாக உள்ளே போனாரா, தம்பியும் கூட உட்கார்ந்திருந்தானா, எந்த மொழியில் பேசினார்கள், பழைய உயில் ஏன் மாறுகிறது என்று கேட்டார்களா, காசோலை யாருடையது. உங்கள் லாயர் அவருக்கு எழுதிக் கேட்கலாம். வயதானவர், நோயாளி என்றால் ஒரு மருத்துவரை வைத்துப் பரிசோதித்துவிட்டுத்தான் கையெழுத்து வாங்க வேண்டும் என்பதை வழக்கறிஞர்கள் தங்க விதி என்பார்கள். அதை மீறினால் உயில் தானாக விழுந்துவிடாது, ஆனால் ஏன் மீறினீர்கள் என்று குறுக்கு விசாரணையில் கேட்கும்போது பதில் வேண்டுமல்லவா. உங்கள் கையில் இருக்கும் பழைய உயில் நகல், அப்பா கைப்பட எழுதிய குறிப்பு, கிழிந்த வரைவு எல்லாவற்றையும் நீங்களும் சத்தியக் கடிதத்தோடு, அதாவது உண்மை என்று சத்தியம் செய்து கொடுக்கும் எழுத்து வாக்குமூலத்தோடு, ஒப்படைக்க வேண்டியிருக்கும். உங்களுக்குப் பாதகமான தாளை மட்டும் காணாமல் போக்க நினைக்காதீர்கள். முக்கியமாக, 2016 உயிலின் அசல் எங்கே என்று இப்போதே தேடுங்கள். அது அப்பாவிடம் இருந்து இப்போது இல்லை என்றால், அவரே கிழித்துப் போட்டிருப்பார் என்ற அனுமானம் குறுக்கே வரும், அதை நீங்கள் கலைக்க வேண்டியிருக்கும்.

செலவு பற்றிய தம்பியின் மிரட்டல் பாதி உண்மை. பொதுவாகத் தோற்றவர் கொடுக்க வேண்டும். ஆனால் உயில் எழுதியவரே குழப்பத்துக்குக் காரணமாக இருந்தால் செலவைச் சொத்திலிருந்தே எடுக்கச் சொல்லலாம், சந்தேகப்பட நியாயமான காரணம் இருந்தது என்றால் அவரவர் செலவு அவரவருக்கு என்றும் விட்டுவிடலாம். மறதிநோய், மாறிப்போன உயில், பலனடைகிறவரே முன்னின்று ஏற்பாடு செய்தது எல்லாம் சேர்ந்தால் நீங்கள் கேள்வி கேட்டது அநியாயம் என்று யாரும் சொல்ல முடியாது. கோப்பு கைக்கு வந்து, அதில் மருத்துவர் சான்று, அப்பாவின் தெளிவான பதில்கள் எல்லாம் இருந்தும் பிடிவாதம் பிடித்தால் அது வேறு கதை. நடுவில் சமரசப் பேச்சுக்கும் நீதிமன்றமே அனுப்பும். அங்கே போகும்போது வீட்டுச் சாவியைப் பற்றி மட்டும் சண்டை போடாதீர்கள், மூன்று மணி நேரம் அதிலேயே போய்விடும், நான் பார்த்திருக்கிறேன்.

வழக்கு இழுத்துக்கொண்டே போனால் வாடகை, கடன், பராமரிப்புக் கட்டணம் யார் பார்ப்பது என்ற கவலையும் வரும். அதுவரை மட்டும் சொத்தைப் பார்த்துக்கொள்ள ஒரு தற்காலிக நிர்வாகியை நியமிக்கும்படி கேட்கலாம். அவர் பாதுகாப்பார், பங்கு பிரிக்க மாட்டார்.

கேள்வி: அத்தை மருத்துவமனையில் இருந்தபோது எனக்கு வாட்ஸ்அப்பில் குரல் பதிவு அனுப்பினார், ‘நகையும் வங்கிப் பணமும் உனக்குத்தான்’ என்று. பதிவு தெளிவாக இருக்கிறது. இது உயிலாகுமா?
(வாசகர், புக்கிட் பாஞ்சாங்)

பதில்: ஆகாது தம்பி. உயில் எழுத்தில் இருக்க வேண்டும், எழுதுகிறவர் கையெழுத்துப் போட வேண்டும், இரண்டு சாட்சிகள் ஒரே நேரத்தில் பக்கத்தில் இருந்து பார்க்க வேண்டும், அவர்களும் அவர் முன்னிலையில் கையெழுத்துப் போட வேண்டும். மின்னணு ஆவணங்களை ஏற்கும் சட்டம் உயிலை வேண்டுமென்றே வெளியே வைத்திருக்கிறது, அதனால் கைபேசியில் விரலால் போட்ட கையெழுத்தும் செல்லாது. அத்தை உயில் எழுதாமல் போயிருந்தால் யார் யாருக்கு எவ்வளவு என்று 1967ஆம் ஆண்டுச் சட்டம் முடிவுசெய்யும், கணவன், பிள்ளை, பெற்றோர் என்று வரிசை இருக்கிறது. உங்கள் அத்தைக்கு இவர்கள் யாராவது இருந்தால் அண்ணன் தம்பி பிள்ளையாகிய உங்கள்வரை அது வராது. வேறு உயில் இருந்து அதை யாராவது எதிர்க்கிறார்கள் என்றால் அந்தப் பதிவை அழிக்காதீர்கள், அத்தை அன்றைக்கு எவ்வளவு தெளிவாகப் பேசினார் என்பதற்கு அது சாட்சியாகலாம். யாருக்குச் சாதகமாக என்பது வேறு விஷயம்.

கேள்வி: என் மாமனார் தாதிமை இல்லத்தில் தமிழில் உயில் எழுதவைத்துக் கைநாட்டு வைத்திருக்கிறார். இரண்டு தாதிகள் சாட்சி. கொழுந்தனார், ‘தமிழில் எழுதினால் இங்கே செல்லாது, கைநாட்டும் செல்லாது’ என்கிறார்.
(வாசகி, ஈசூன்)

பதில்: இரண்டும் செல்லும். மொழி எதுவாகவும் இருக்கலாம், தாக்கல் செய்யும்போது தகுதிபெற்ற மொழிபெயர்ப்பாளர் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும். இங்கே ஒரு எச்சரிக்கை: ‘வீடு’ என்று மட்டும் எழுதியிருந்தால் அது இங்குள்ள வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடா, ஊரில் இருக்கும் ஓட்டு வீடா என்று மொழிபெயர்ப்பாளர் ஊகிக்க முடியாது, ஊகிக்கவும் கூடாது. ‘மகன்களுக்குப் பாகம்’ என்று எழுதி மகளை விட்டதா சேர்த்ததா என்று ஒரு வழக்கில் நாள் பூராவும் ஓடியதைப் பார்த்தேன். ஊரில் இருக்கும் நிலம் வீடு எல்லாம் இந்தியச் சட்டப்படி அங்கேதான் தனியாகப் போக வேண்டும், இங்கே வாங்கிய புரொபேட்டைத் தூக்கிக்கொண்டு நேரே தாலுகா ஆபீசுக்குப் போனால் வேலை நடக்காது.

கைநாட்டில் சட்டச் சிக்கல் இல்லை, சாட்சிச் சிக்கல் இருக்கிறது. படிக்கத் தெரியாதவர், கண் தெரியாதவர் என்றால், எழுதியது அவருக்குப் புரிந்துதான் வைத்தார் என்று பதிவாளருக்குத் திருப்தி வர வேண்டும். ‘உயில் அவருக்குத் தமிழில் வாசித்துக் காட்டப்பட்டது, புரிந்ததாகச் சொன்னார்’ என்று கையெழுத்துக்கு மேல் ஒரு வரி இருந்தால் பாதிப் பாரம் இறங்கிவிடும். இல்லையென்றால் சாட்சிகளில் ஒருவராவது சத்தியக் கடிதம் தரவேண்டி வரும். தாதிகள் எந்த ஊர்க்காரர்கள்? ஒப்பந்தம் முடிந்து ஊருக்குப் போய்விட்டால், மாமனார் காலத்துக்குப் பிறகு அவர்களை எங்கே தேடுவீர்கள்? மாமனார் இன்னும் இருக்கிறார் என்றுதான் கடிதத்திலிருந்து தெரிகிறது. அப்படியென்றால் கொழுந்தனாரோடு வாதம் பண்ணுவதை விட்டுவிட்டு, அவரையே ஒரு வழக்கறிஞரிடம் கூட்டிப்போய் அல்லது இல்லத்துக்கே வரவழைத்து மறுபடி ஒழுங்காக எழுதச் சொல்லுங்கள். நீங்கள் அந்த அறையில் இருக்காதீர்கள்.

கேள்வி: அம்மா உயிலில் என் பங்கு தெளிவாக எழுதியிருக்கிறது. சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் என் கணவர். இதனால் பிரச்சினையா?
(வாசகி, ஜூரோங் வெஸ்ட்)

பதில்: பிரச்சினைதான் சகோதரி, பெரிய பிரச்சினை. சாட்சிக்கோ சாட்சியின் கணவன் மனைவிக்கோ கொடுத்தது செல்லாது. உயில் நிற்கும், மற்றவர்கள் பங்கு நிற்கும், உங்கள் பங்கு மட்டும் காற்றில் போய்விடும். சாட்சி போடும்போது இருவருக்கும் கல்யாணம் ஆகியிருந்ததா என்று பாருங்கள், அதற்கு அப்புறம்தான் ஆனது என்றால் தப்பித்தீர்கள். ஆகியிருந்தது என்றால் மற்ற வாரிசுகள் மனசு வைத்தால் தங்களுக்குள் பேசி ஒப்பந்தம் போட்டுக்கொள்ளலாம், அதைத் தவிர வேறு வழி எனக்குத் தெரியவில்லை. நிறைவேற்றாளராகப் பெயர் போட்டவர் பங்கும் வாங்கலாமா என்று கூடவே கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக வாங்கலாம், சாட்சியாக மட்டும் நிற்கக் கூடாது.

கேள்வி: அப்பா இறந்து மூன்று வருடமாகிறது. உயில் அண்ணனிடம், அவர்தான் நிறைவேற்றாளர். கேட்டால் ‘பார்க்கலாம், பார்க்கலாம்’ என்கிறார். கடை வாடகையை மட்டும் மாதாமாதம் வாங்கிக்கொள்கிறார்.
(வாசகர், கேலாங்)

பதில்: பார்த்துக்கொண்டே இருக்க நிறைவேற்றாளருக்கு உரிமை இல்லை. இறந்து ஆறு மாதத்துக்குள் மனு போடுவது எதிர்பார்ப்பு, அதற்கு மேல் போனால் ஏன் தாமதம் என்று சத்தியக் கடிதத்தில் விளக்க வேண்டும். விளக்கினால் ஏற்றுக்கொள்வார்கள், அதனால் இன்னும் கதவு மூடவில்லை.

உங்களுக்குத் தேவையானது சைட்டேஷன். ‘புரொபேட்டை எடுத்துக்கொள், இல்லை வேண்டாம் என்று சொல்’ என்று நீதிமன்றம் மூலமாக அண்ணனைக் கூப்பிடுவது. அதற்கு முன்னால் நீங்கள் கேவியட் போட்டிருக்க வேண்டும், இந்த வரிசை மாறினால் திருப்பி அனுப்புவார்கள். அவர் பதிலே சொல்லாமல் இருந்தால், உரிமை உள்ள இன்னொருவர் உயிலோடு சேர்த்து நிர்வாகப் பத்திரம், அதாவது நிறைவேற்றாளருக்குப் பதிலாகச் சொத்தை நிர்வகிக்கும் அதிகாரம், கேட்கலாம். உயிலையே காட்ட மாட்டேன் என்றால் அதைக் கொண்டுவந்து ஒப்படைக்கச் சொல்லி உத்தரவு வாங்கவும் வழி உண்டு. இதில் உங்களுக்கு ஒரு பிடி இருக்கிறது: மூன்று வருடமாக வாடகை வாங்கியவர் சொத்தில் கைவைத்துவிட்டார் என்று அர்த்தம், இனிமேல் ‘எனக்கு இந்தப் பொறுப்பு வேண்டாம்’ என்று நழுவ முடியாது, வாங்கிய ஒவ்வொரு வெள்ளிக்கும் கணக்குக் காட்ட வேண்டும். உங்கள் லாயர் எழுதும் முதல் கடிதத்திலேயே இந்தக் கணக்கைக் கேட்கச் சொல்லுங்கள். நிறைய அண்ணன்கள் அந்தக் கடிதத்திலேயே வழிக்கு வந்துவிடுகிறார்கள்.

கேள்வி: உயிலில் மத்திய சேம நிதிப் பணமும் வீவக வீடும் எனக்கு என்று அப்பா எழுதியிருக்கிறார். ஆனால் சித்தி இரண்டையும் எடுத்துக்கொண்டார். கேவியட் போடலாமா?
(வாசகர், தோ பாயோ)

பதில்: போட்டும் பயனில்லை. சேமநிதிப் பணம் உயிலுக்குள் வராது, அப்பா யாரை நியமனம் செய்து வைத்தாரோ அவருக்குப் போகும், நியமனம் இல்லையென்றால் பொது அறங்காவலர் சட்டப்படி பிரித்துக் கொடுப்பார். கல்யாணம் ஆனால் அதற்கு முந்தைய நியமனம் ரத்தாகிவிடும், உயிலும் அப்படியே ரத்தாகிவிடும், அப்பாவின் இரண்டாவது கல்யாணம் எப்போது, உயில் எப்போது என்று தேதி பாருங்கள். வீடு அப்பா, சித்தி இருவர் பெயரிலும் கூட்டு உரிமையாக இருந்தால், இறந்த நிமிடமே மற்றவருக்குப் போய்விடும், உயில் அதைத் தொட முடியாது. தனித்தனிப் பங்காக இருந்திருந்தால் மட்டும் அப்பாவின் பங்கு உயிலுக்குள் வரும். பதிவை எடுத்துப் பார்க்காமல் வழக்கறிஞருக்கு முன்பணம் கட்டாதீர்கள்.

கேள்வி: உயில் உண்மையானதுதான், என் கணவர் தெளிவாகத்தான் எழுதினார். எல்லாவற்றையும் அவர் தங்கை பிள்ளைகளுக்கு எழுதிவிட்டார். எனக்கு வயது 67, வருமானம் இல்லை. சட்டத்தில் எனக்கு ஒன்றுமே கிடையாதா?
(பெயர் வேண்டாம்)

பதில்: உண்டம்மா. உயிலை எதிர்க்காமலேயே, ‘என் ஜீவனத்துக்கு இதிலிருந்து நியாயமான தொகை கொடுங்கள்’ என்று கேட்க 1966ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இருக்கிறது. மனைவி அல்லது கணவன், 21 வயதாகாத மகன், கல்யாணம் ஆகாத மகள், உடல் மன ஊனத்தால் தன்னைப் பார்த்துக்கொள்ள முடியாத பிள்ளை கேட்கலாம். பராமரிப்புக்குத்தான் கிடைக்கும், பாதிச் சொத்து கிடைக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். புரொபேட் கொடுத்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும், இதுதான் பலருக்குத் தெரிவதில்லை. தங்கை வீட்டார் புரொபேட் வாங்கிவிட்டார்களா, எப்போது வாங்கினார்கள் என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள். வருமானம் இல்லை என்கிறீர்கள், சட்ட உதவிப் பணியகத்தில் விண்ணப்பியுங்கள், வருமானம், சொத்து, வழக்கில் சாரம் இருக்கிறதா என்று பார்த்து உதவுவார்கள். இந்தக் கடிதத்தை எழுத உங்களுக்கு எவ்வளவு நேரம் ஆகியிருக்கும் என்று தெரிகிறது. தள்ளிப்போடாதீர்கள்.

கேள்வி: நாங்கள் முஸ்லிம் குடும்பம். வாப்பா மொத்தச் சொத்தையும் ஒரு மகனுக்கே உயில் எழுதிவிட்டார்.
(வாசகர், பிடோக்)

பதில்: உங்களுக்கு மேலே சொன்ன கணக்கு வேறு. முஸ்லிம் எழுதும் உயில் மார்க்கச் சட்டத்துக்கு உட்பட்டே செல்லும், பொதுவாக மூன்றில் ஒரு பங்குக்கு மேல் உயிலால் கொடுக்க முடியாது, வாரிசுக்கே வசிய்யத் (உயில்) எழுதினால் மற்ற வாரிசுகள் சம்மதம் வேண்டும். ஷரியா நீதிமன்றத்தில் வாரிசுரிமைச் சான்றிதழ் வாங்குங்கள், யாருக்கு எத்தனை பங்கு என்று அதில் இருக்கும். சொத்தை நிர்வகிக்கும் அதிகாரம் மட்டும் குடும்ப நீதிமன்றத்திலிருந்து வரும், அங்கே கேவியட் உங்களுக்கும் பொருந்தும்.

கேள்வி: அப்பா உயிலை நகல் எடுக்க மருமகன் தேக்காவில் ஒரு கடைக்குக் கொண்டுபோய், ஸ்டேப்ளர் ஊசியைக் கழற்றி நகல் எடுத்துவிட்டு, வேறு ஊசி போட்டுக் கொண்டுவந்துவிட்டார். ‘போச்சு, எல்லாம் போச்சு’ என்கிறார் அக்கா. உண்மையா?
(வாசகி, செங்காங்)

பதில்: போகவில்லை, ஆனால் உங்கள் அக்கா பயப்படுவதில் அர்த்தம் இருக்கிறது. உயிலின் மூலையில் இப்போது நாலு ஓட்டை இருக்கும், ஊசி இரண்டு ஓட்டையில்தான் நிற்கும். மீதி இரண்டு எதற்கு என்று பதிவாளர் கேட்பார். இன்னொரு தாள் இருந்ததா, பின்னால் எழுதிய திருத்தம் எதையாவது பிரித்து எடுத்தீர்களா, நடுப் பக்கத்தை மாற்றினீர்களா என்ற சந்தேகம் அந்த ஓட்டையிலிருந்துதான் கிளம்பும். கிளிப் போட்ட தடத்துக்கும் துருக் கறைக்கும்கூட விளக்கம் கேட்டுத் திருப்பி அனுப்பிய மனுக்களைப் பார்த்திருக்கிறேன். எதிர்க்க ஆள் இருக்கிற உயிலில் இது பெரிய வாதமாகிவிடும். அந்தப் புது ஊசியை இனிமேல் யாரும் தொட வேண்டாம், தட்டையான உறையில் போட்டுவையுங்கள், ‘அசல்’ என்று உயிலின் மேலேயே பேனாவால் எழுதாதீர்கள். கழற்றியவர் மருமகன், ஆகவே சத்தியக் கடிதமும் அவரே தர வேண்டும்: எந்தத் தேதி, எதற்காகக் கழற்றினார், அப்போது எத்தனை பக்கம் இருந்தது, கூட வேறு தாள் ஏதும் இருந்ததா. கடையில் கொடுத்த ரசீது சட்டைப்பையில் இன்னும் கிடந்தால் அதையும் உயில் உறையில் போடாமல், தனி உறையில் போட்டுவையுங்கள்.